கர்லிங் கல் ஏன் வளைந்து போகிறது? அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

மண்டபம் பகுதியில் மேல்நிலை வகுப்புகளுக்கு இயற்பியல் கற்பிக்கிறேன். குளிர்கால ஒலிம்பிக் நடக்கும்போதெல்லாம் கர்லிங் ஆட்டத்தைக் கைப்பேசியில் பார்த்துவிட்டு வரும் மாணவர்களும், அவர்களுடைய வீட்டாரும், ஐஸ் கம்பெனியில் வேலை செய்யும் உறவினர்களும் ஒரே ஐயங்களைத் திரும்பத் திரும்பக் கேட்கிறார்கள். அவற்றைக் கேட்டவர்களின் பேச்சிலேயே எழுதிவைத்து, பதில்களைச் சேர்த்திருக்கிறேன். பின்னால் வரும் பதில்கள் முன்னால் உள்ளவற்றைச் சார்ந்தவை என்பதால் வரிசையாகப் படிப்பது நல்லது.

1. டீச்சர், அந்த ஆட்டத்துல என்னதான் செய்யிறாங்க? கல்லைத் தள்ளிவிட்டுட்டு எதுக்கு முன்னாடி ஓடிப் பெருக்குறாங்க?

ஏறக்குறைய 45 மீட்டர் நீளமும் 5 மீட்டருக்குச் சற்றுக் குறைவான அகலமும் உள்ள பனிக்கட்டித் தளத்தின் ஒரு முனையிலிருந்து கல்லைத் தள்ளி, மறுமுனையில் வரையப்பட்ட வட்டத்தின் நடுவில் கொண்டுபோய் நிறுத்துவதுதான் ஆட்டம். அந்த வட்டத்தை ‘வீடு’ என்கிறார்கள். அதன் விட்டம் 3.66 மீட்டர். தள்ளுபவர் கைப்பிடியை லேசாகத் திருப்பிக் குறிப்பிட்ட கோட்டுக்கு முன் விட்டுவிட வேண்டும். அதன்பின் கல்லை யாரும் தொடக்கூடாது. கல்லுக்கு முன்னால் தளத்தைத் துடைப்பானால் தேய்ப்பது ஒன்றே அனுமதிக்கப்பட்ட உதவி. அது என்ன செய்கிறது என்பதை 13ஆம் கேள்வியில் காணலாம்.

கையை விட்டு வீட்டின் நடுவை அடையும்வரை கல் கடக்கும் தொலைவு ஏறக்குறைய 28 மீட்டர்; அதற்கு ஆகும் நேரம் ஏறக்குறைய 25 நொடி. இந்த இரண்டு எண்களையும் நினைவில் வைத்துக்கொள்ளுங்கள். பின்னால் பல கணக்குகளுக்கு இவையே அடிப்படை. ஆட்டம் ஸ்காட்லாந்தின் உறைந்த ஏரிகளில் பிறந்தது. 1511 என்று ஆண்டு பொறிக்கப்பட்ட கல் ஒன்று அங்கே கிடைத்திருக்கிறது. 1998 நகானோ போட்டியிலிருந்து ஒவ்வொரு குளிர்கால ஒலிம்பிக்கிலும் இடம்பெற்று வருகிறது.

2. கல்லு எவ்வளவு வெயிட் இருக்கும்? சாதாரணக் கல்லுதானா?

விதிப்படி ஒரு கல் 17.24 கிலோவுக்குக் குறையாமலும் 19.96 கிலோவுக்கு மிகாமலும் இருக்க வேண்டும். கிரானைட் கல்தான், ஆனால் கிடைத்த இடத்துக் கிரானைட் எல்லாம் பயன்படாது. ஸ்காட்லாந்தின் மேற்குக் கரைக்கு அப்பால் கடலில் நிற்கும் ஐல்சா கிரெய்க் என்ற சிறு தீவின் கல்லும், வேல்ஸ் பகுதியில் டிரெஃபோர் என்ற ஊரின் கல்லும்தான் பெரும்பாலும் பயன்படுகின்றன. ஐல்சா கிரெய்க் தீவில் ஒரு வகைக் கல் மோதலைத் தாங்கும். இன்னொரு வகை மிக நுண்ணிய மணிகள் கொண்டு, நீரை ஏறக்குறைய உறிஞ்சாமலே இருக்கும். முதல் வகையில் உடலைச் செய்து, இரண்டாம் வகையை அடியில் பதிக்கிறார்கள்.

கல்லைக் கவிழ்த்துப் பார்த்தால் அடிப்பகுதி தட்டையாக இருக்காது. உட்குழிந்து, நடுவில் பனிக்கட்டியைத் தொடாமல் நிற்கும். எவர்சில்வர் டம்ளரைக் கவிழ்த்தால் அதன் விளிம்பு மட்டும் மேசையைத் தொடுவது போல, ஏறக்குறைய 12 சென்டிமீட்டர் விட்டமும் ஒரு சென்டிமீட்டருக்கும் குறைந்த அகலமும் உள்ள ஒரு வளையம் மட்டுமே தளத்தில் படும். அதை இனி ‘ஓட்ட வளையம்’ என்று குறிப்பிடுகிறேன். இந்த ஆட்டத்தின் இயற்பியல் முழுவதும் அந்த வளையத்துக்கும் பனிக்கட்டிக்கும் இடையில்தான் நடக்கிறது.

3. நம்ம ராமேஸ்வரத்து மிதக்குற கல்லுல ஒண்ணு செஞ்சா லேசா நல்லா ஓடும்ல?

ஓடாது. மிதக்கும் கல்லுக்குள் எண்ணற்ற காற்றறைகள் இருப்பதால்தான் அதன் அடர்த்தி நீரைவிடக் குறைந்து அது மிதக்கிறது. கர்லிங் கல்லுக்கு வேண்டியது இதற்கு நேர் எதிரான பண்பு. துளையுள்ள கல்லில் நீர் புகுந்து உறைந்தால் பருமன் ஏறக்குறைய 9 விழுக்காடு கூடும். அந்த அழுத்தத்தில் மேற்பரப்பு பொடிப்பொடியாக உதிரும். உதிர்ந்த ஒரு மணல்மணி ஓட்ட வளையத்தின் கீழ் சிக்கினால்கூடக் கல் பாதை மாறிவிடும்.

4. ஐஸ் வழவழன்னுதானே இருக்கும், அது மேல எதுக்குத் தண்ணி தெளிக்கிறாங்க?

ஆட்டத்துக்கு முன் ஒருவர் முதுகில் நீர்த்தொட்டியைச் சுமந்து, பூவாளி போன்ற முனையை இருபுறமும் வீசிக்கொண்டு பின்னோக்கி நடப்பதைப் பார்த்திருப்பீர்கள். வயலுக்கு மருந்து தெளிப்பவரின் நடையைப் போலவே இருக்கும். விழும் ஒவ்வொரு துளியும் மைனஸ் 5 டிகிரி அளவில் உள்ள தளத்தில் பட்டதும் உறைந்து சிறு முகடாக நின்றுவிடும். தளம் முழுவதும் கோலப்புள்ளி வைத்ததுபோல இந்த முகடுகள் நிறைந்திருக்கும். பிறகு ஒரு கத்தியைத் தளத்தின்மேல் இழுத்து, முகடுகளின் நுனிகளை ஒரே மட்டத்துக்குச் சீவிவிடுவார்கள்.

வழவழப்பான தளத்தில் கல் நன்றாக ஓடும் என்று நமக்குத் தோன்றுவது இயல்பு; உண்மை மாறானது. முகடுகள் இல்லாத தளத்தில் ஓட்ட வளையம் பரந்து படிந்துகொள்வதால், அதே வேகத்தில் தள்ளிய கல் பாதி வழியிலேயே நின்றுவிடும், வளைவும் சரியாக அமையாது. முகடுகளின் நுனிகளில் மட்டும் தொட்டுச் செல்லும்போதுதான் உராய்வு போதிய அளவு குறைகிறது. முதல் பதிலில் சொன்ன 28 மீட்டர், 25 நொடி என்ற அளவுகளை வைத்துக் கணக்கிட்டால், தொடக்க வேகம் நொடிக்கு 2.25 மீட்டர் அளவிலும், உராய்வுக் கெழு, அதாவது கல்லின் எடையில் உராய்வு விசை எத்தனை பங்கு என்ற விகிதம், 0.01க்குச் சற்றுக் குறைவாகவும் வரும். 19 கிலோ கல்லை நிறுத்த முயலும் விசை 2 நியூட்டன்கூட இல்லை. ஒரு டம்ளர் தண்ணீரைக் கையில் ஏந்தும்போது உணரும் அளவுதான்.

5. ஐஸ் ஏன் வழுக்குது? வெயிட் அமுக்குறதால உருகி வழுக்குதுன்னு படிச்சேனே.

இந்த விளக்கம் பல புத்தகங்களில் இன்னும் இருக்கிறது. அழுத்தம் கூடினால் பனிக்கட்டியின் உருகுநிலை இறங்கும் என்பது உண்மைதான், ஆனால் ஒரு வளிமண்டல அழுத்தத்துக்கு 0.0074 டிகிரி மட்டுமே இறங்கும். கல்லின் முழு எடையும் ஒரு சதுர சென்டிமீட்டர் பரப்பில் மட்டும் தாங்கப்படுகிறது என்று வைத்துக்கொண்டாலும், அழுத்தம் 19 வளிமண்டலம்; உருகுநிலை இறங்குவது 0.14 டிகிரி. தளமோ மைனஸ் 5 டிகிரியில் இருக்கிறது. கணக்கு ஒத்துவரவில்லை.

வழுக்கலுக்குக் காரணங்கள் வேறு. பனிக்கட்டியின் மேற்பரப்பில் உள்ள மூலக்கூறுகளுக்கு மேல்பக்கத்துப் பிணைப்பு இல்லாததால், உருகுநிலைக்குக் கீழேயும் அவை நீர் போலத் தளர்ந்த மெல்லிய படலமாக இருக்கின்றன. இதை 1850இல் மைக்கேல் ஃபாரடே சுட்டிக்காட்டினார். இரண்டு பனிக்கட்டிகளைச் சேர்த்து வைத்தால் அவை ஒட்டிக்கொள்வதே அவருக்குக் கிடைத்த சான்று. விசைப்படகின் ஐஸ் அறையில் தனித்தனியாக அடுக்கிய ஐஸ் பார்கள் காலையில் ஒரே பாளமாக ஒட்டிக்கிடப்பதையும், கொக்கி போட்டு நெம்பிப் பிரிப்பதையும் நம் ஊரில் பார்க்காதவர் யார்? ஃபாரடே பார்த்ததும் அதைத்தான்.

இதனுடன் உராய்வில் எழும் வெப்பமும் சேர்கிறது. கல்லின் மொத்தப் பயணத்தில் உருவாகும் வெப்பம் ஏறக்குறைய 48 ஜூல். அது முழுவதும் உருகுவதற்கே செலவானாலும் 0.14 கிராம் பனிக்கட்டிதான் உருகும், அதாவது மூன்று சொட்டு நீர். அந்தச் சிற்றளவு 28 மீட்டருக்கும் பரவியிருக்கிறது. இருந்தும், நுனியளவான தொடுபரப்பில் அது போதுமானது.

6. டீச்சரம்மா, எங்க கம்பெனில ஐஸ் பாரைத் தள்ளுனா நேராத்தான் போகுது. அந்தக் கல்லு மட்டும் ஏன் வளையுது?

கேட்டவர் முப்பது ஆண்டுகளாக ஐஸ் பார் தள்ளியவர், அவர் கண்டது சரியானதே. ஐஸ் பாரைக் கொக்கியால் நேராகத் தள்ளுகிறோம், சுழற்றுவதில்லை. கர்லிங் கல்லை விடும்போது கைப்பிடியைத் திருப்பி மெதுவான சுழற்சி ஒன்றைக் கொடுக்கிறார்கள். 25 நொடியில் இரண்டு முதல் நான்கு சுற்று, அவ்வளவுதான். அந்தச் சுழற்சியே வளைவுக்குத் தொடக்கம்.

மேலிருந்து பார்க்கும்போது கல் வலஞ்சுழியாக, அதாவது கடிகார முள் திசையில், சுழன்றால் பாதை வலப்பக்கம் வளையும். இடஞ்சுழியாகச் சுழன்றால் இடப்பக்கம் வளையும். வேறு விதமாகச் சொன்னால், கல்லின் முன்விளிம்பு எந்தப் பக்கம் திரும்புகிறதோ அந்தப் பக்கமே கல்லும் போகும். 28 மீட்டரில் பக்கவாட்டு விலகல் ஒரு மீட்டருக்கு மேலும் இருக்கும். சுழற்சியே கொடுக்காமல் விட்டால் நேராகப் போகும் என்று எதிர்பார்க்க வேண்டாம். எந்த முகட்டில் எப்படி இடறுகிறதோ அதற்கேற்ப ஏதோ ஒரு பக்கம் சுழலத் தொடங்கி, கணிக்க முடியாத பாதையில் போகும்.

7. கிரிக்கெட் பந்து ஸ்விங் ஆகுற மாதிரி காத்துனாலயா? இல்ல, புயல் சுத்துதே, அது மாதிரி பூமி சுத்துறதாலயா?

காற்று இல்லை. நொடிக்கு இரண்டு மீட்டர் வேகத்தில் போகும் கல்லின்மேல் காற்று செலுத்தும் விசை, உராய்வு விசையில் சில விழுக்காடுதான். பக்கவாட்டில் தள்ளும் பங்கு அதைவிடக் குறைவு.

புயலைப் பற்றிய கேள்வி தனுஷ்கோடியில் கேட்கப்பட்டது. 1964ஐ மறக்காத ஊரில் அந்தக் கேள்வி எழாமல் இருந்தால்தான் வியப்பு. பூமியின் சுழற்சியால் வட அரைக்கோளத்தில் நகரும் பொருள் எதுவும் வலப்பக்கம் சற்று விலகும். ஸ்காட்லாந்தின் அகலக்கோட்டில் நம் கல்லுக்கு அந்த விலகலைக் கணக்கிட்டால் 25 நொடியில் 5 சென்டிமீட்டர் அளவில் வருகிறது. ராமேஸ்வரம் நிலநடுக்கோட்டுக்கு அருகில் 9 டிகிரி அகலக்கோட்டில் இருப்பதால் இங்கே அது ஒரு சென்டிமீட்டர்தான். காணும் வளைவோ ஒரு மீட்டருக்கும் மேல். அதோடு, சுழற்சியை மாற்றினால் கல் இடப்பக்கமும் வளைகிறதே. பூமி காரணமானால் எப்போதும் வலப்பக்கமே வளைய வேண்டும்.

8. வீட்டுல டம்ளரைக் கவுத்துச் சுத்தித் தள்ளிப் பாத்தேன் டீச்சர். நீங்க சொன்னதுக்கு எதிர்ப்பக்கமால்ல போகுது?

இந்தக் கேள்வியை முதன்முதல் கேட்ட மாணவியை நான் வகுப்பிலேயே பாராட்டினேன், ஏனென்றால் கர்லிங் இயற்பியலின் முடிச்சு இதுதான். வழவழப்பான மேசைமேல் கவிழ்த்த டம்ளரை வலஞ்சுழியாகச் சுழற்றித் தள்ளினால் அது இடப்பக்கம் வளைகிறது. நீங்களும் இப்போதே செய்து பார்க்கலாம்.

காரணம் எளிது. உராய்வு டம்ளரின் அடியில் பின்னோக்கி இழுக்கிறது. டம்ளரின் நிறைமையம் மேலே இருக்கிறது. திடீரென்று பிரேக் போட்ட பேருந்தில் நிற்பவர் முன்னால் சாய்வது போல, டம்ளரும் முன்விளிம்பின்மேல் கூடுதலாக அழுந்துகிறது. அழுத்தம் கூடிய இடத்தில் உராய்வும் கூடும். வலஞ்சுழியில் முன்விளிம்பு வலப்பக்கம் நகர்வதால் அங்கே உராய்வு இடப்பக்கம் தள்ளும். பின்விளிம்பு இடப்பக்கம் நகர்வதால் அங்கே உராய்வு வலப்பக்கம் தள்ளும். முன்பக்கத்து விசை பெரிது. ஆகவே டம்ளர் இடப்பக்கம் போகிறது. கர்லிங் கல்லும் அதே வடிவம், அதே முன்சாய்வு. இருந்தும் அது மறுபக்கம் போகிறது.

9. அப்ப கல்லுக்கு மட்டும் முன்பக்கம் உராய்வு கம்மியா?

பலரும் முதலில் அப்படித்தான் எண்ணினார்கள். முன்விளிம்பு கூடுதலாக அழுந்துவதால் அங்கே வெப்பமும் கூடுதலாக எழுந்து, நீர்ப்படலம் தடித்து, உராய்வு குறைகிறது. பின்விளிம்பின் உராய்வு மேலோங்குவதால் கல் டம்ளருக்கு எதிர்ப்பக்கம் வளைகிறது. கனடாவின் மார்க் ஷெகெல்ஸ்கியும் உடன் ஆய்வாளர்களும் 1990களில் இந்த வழியில் விரிவாக எழுதினார்கள். கேட்பதற்கு நிறைவாக இருக்கிறது, ஆனால் அளவில் இடிக்கிறது.

கணக்கைக் கிட்டத்தில் வைத்துப் பார்ப்போம். ஓட்ட வளையத்தின் சுற்றளவு 38 சென்டிமீட்டர். 25 நொடியில் மூன்று சுற்று என்றால், வளையத்தின் ஒரு புள்ளி சுழற்சியால் மட்டும் நகரும் வேகம் நொடிக்கு 4.5 சென்டிமீட்டர். கல் முன்னேறும் வேகமோ தொடக்கத்தில் 225 சென்டிமீட்டர். ஐம்பதில் ஒரு பங்கு. ஆகவே உராய்வு விசையில் பக்கவாட்டுப் பகுதியும் அந்த அளவுக்கே சிறியது. முன்பக்க உராய்வை முற்றிலும் இல்லாமலே ஆக்கிக் கணக்கிட்டாலும், காணும் வளைவுக்கு அது போதவில்லை என்று சுவீடனின் உப்சாலா பல்கலைக்கழக ஆய்வாளர்கள் காட்டினார்கள். இன்னொரு தடையும் உண்டு. அதை 12ஆம் கேள்வியில் பார்க்கலாம்.

10. கல்லு ஐஸ்ல கோடு கிழிச்சு அந்தக் கோட்டுலயே போகுதுன்னு யூடியூப்ல சொல்றாங்களே?

அது மேலே சொன்ன உப்சாலா குழுவினர் 2013இல் வெளியிட்ட கருத்து. ஓட்ட வளையம் கண்ணுக்கு வழவழப்பாகத் தெரிந்தாலும் நுண்ணிய கூர்முனைகள் கொண்டது. வலஞ்சுழிக் கல்லின் முன்விளிம்பு முகடுகளின்மேல் செல்லும்போது, முன்னோக்கியும் சற்று வலப்பக்கமாகவும் சாய்ந்த மெல்லிய கீறல்களை விட்டுச்செல்கிறது. பின்னால் வரும் விளிம்பு அதே முகடுகளைச் சற்று இடப்பக்கம் சாய்ந்து கடக்கிறது. கீறல்களின் சுவரில் பின்விளிம்பின் கூர்முனைகள் முட்டும்போது, அவை கீறலின் திசைக்கு, அதாவது வலப்பக்கத்துக்கு, தள்ளப்படுகின்றன. மணல் பாதையில் ஏற்கனவே பதிந்த வண்டித்தடத்தில் சக்கரம் விழுந்து அந்தத் தடத்தோடு இழுபடுவதை நினைத்துக்கொள்ளலாம்.

இதற்கு ஆதரவான நடைமுறைச் சான்று ஒன்று உண்டு: பெரிய போட்டிகளுக்கு முன் ஓட்ட வளையத்தை உப்புத்தாளால் தேய்த்துச் சொரசொரப்பாக்கினால் கல் கூடுதலாக வளைகிறது. ஆனாலும் இவ்வளவு சிறிய கீறல்கள் 19 கிலோ கல்லை வழிநடத்தப் போதுமா என்று கனடா ஆய்வாளர்கள் கேள்வி எழுப்பினார்கள்.

11. ஜப்பான்ல கண்டுபிடிச்சிட்டாங்கன்னும் சொல்றாங்க. அப்ப எதுதான் சரி? பரிட்சைல எதை எழுதுறது?

டோக்கியோவின் ரிக்கியோ பல்கலைக்கழகத்தைச் சேர்ந்த ஜிரோ முராட்டா 2022இல் வெளியிட்ட ஆய்வைத்தான் குறிப்பிடுகிறார்கள். நூற்றுக்கும் மேற்பட்ட முறை கல்லைத் தள்ளி, அதன் இயக்கத்தைக் கேமராவால் மிக நுட்பமாக அளந்தார். அவர் கவனித்தது முன்பின் வேறுபாட்டை அல்ல, இடவல வேறுபாட்டை. வலஞ்சுழிக் கல்லில் இடப்பக்க விளிம்பு முன்னோக்கியும் வலப்பக்க விளிம்பு பின்னோக்கியும் சுழல்கின்றன. ஆகவே பனிக்கட்டியைப் பொறுத்தவரை வலப்பக்கம் சற்று மெதுவாகவும் இடப்பக்கம் சற்று விரைவாகவும் நகர்கின்றன. பனிக்கட்டியில் வேகம் குறையக் குறைய உராய்வுக் கெழு கூடும். எனவே மெதுவான வலப்பக்கம் முகடுகளில் அடிக்கடி பிடிபடுகிறது. பிடிபட்ட கணத்தில் கல் முழுவதும் அந்தப் புள்ளியை அச்சாகக் கொண்டு சிறிதளவு திரும்பி, அதன் மையம் வலப்பக்கம் நகர்கிறது.

கரையில் வல்லத்தை இழுக்கும்போது அதன் வலப்பக்க அடி ஒரு கல்லில் சிக்கினால் என்ன ஆகும் என்று நம் பிள்ளைகளுக்குச் சொல்ல வேண்டியதில்லை. இழுப்பவர்கள் நேராகவே இழுத்தாலும், வல்லம் அந்தக் கல்லைச் சுற்றிக்கொண்டு வலப்பக்கம் திரும்பிவிடும். கர்லிங் கல்லில் இது மிகச் சிறிய அளவில் திரும்பத் திரும்ப நிகழ்கிறது. ஷெகெல்ஸ்கியும் எட்வர்ட் லொசோவ்ஸ்கியும் 2016இல், கல் ஒரு கணம் முகட்டில் பிடிபட்டுத் திரும்பி மறுகணம் சறுக்குகிறது என்ற கருத்தை ஏற்கனவே முன்வைத்திருந்தார்கள்.

அளவீட்டின் வலிமையால் என் மனம் இந்தப் பிடிபட்டுத் திரும்பும் விளக்கத்தின் பக்கமே சாய்கிறது; ஆனால் விவாதம் முடியவில்லை என்பதையும் சேர்த்தே வகுப்பில் சொல்கிறேன். தேர்வில் இந்தக் கேள்வி வராது. வேறெங்காவது எழுத நேர்ந்தால், வளையும் திசை எது, டம்ளரிலிருந்து அது எப்படி வேறுபடுகிறது என்பதை உறுதியாக எழுதிவிட்டு, காரணங்களைக் கருத்துகளாக எழுதுங்கள்.

12. நல்லா வேகமாச் சுத்திவிட்டா நல்லா வளையும்தானே?

இல்லை. இரண்டு சுற்றுக்கும் நான்கு சுற்றுக்கும் வளைவில் பெரிய வேறுபாடு தெரிவதில்லை. 9ஆம் பதிலில் சொன்ன முன்பின் விளக்கம் சரியாக இருந்தால், சுழற்சி இரட்டிப்பானால் பக்கவாட்டு விசையும் ஏறக்குறைய இரட்டிப்பாக வேண்டும். அது நடப்பதில்லை என்பதுதான் அங்கே குறிப்பிட்ட இரண்டாவது தடை.

பம்பரம் போலப் பல பத்துச் சுற்று சுழலவிட்டால் நிலைமை தலைகீழாகும். உராய்வு விசை பெரும்பாலும் சுழற்சியை எதிர்ப்பதிலேயே செலவாகி, முன்னேற்றத்தை எதிர்க்கும் பகுதி குறைந்துபோகும். கல் வழக்கத்தைவிடத் தொலைவாகவும் நேராகவும் போகும்.

13. பெருக்குனா என்ன ஆகுது? கல்லை இழுத்துட்டா போறாங்க?

பெருக்குவது என்று நாம் சொன்னாலும் அது குப்பை கூட்டும் வேலை அல்ல, அழுத்தித் தேய்க்கும் வேலை. தேய்ப்பதால் முகடுகளின் நுனிகள் சற்றுச் சூடாகின்றன. உருகிவிடும் அளவுக்கு அல்ல. மேற்பரப்பின் குளிர் கொஞ்சம் தணிந்தாலே உராய்வு குறையப் போதும். அதனால் கல்லின் வேகம் மெதுவாகக் குறைந்து, அது சில மீட்டர் கூடுதலாக ஓடும். வேகம் நெடுநேரம் நிலைப்பதால் வளைவும் தள்ளிப்போகும். ஆகவே தேய்த்தால் கல் தொலைவாகவும் நேராகவும் போகும் என்பதே பொது விதி.

துடைப்பானின் துணி எவ்வளவு முக்கியம் என்பது 2015-16 பருவத்தில் தெரிந்தது. சில புதிய துணிகளைக் கொண்டு ஒரே கோணத்தில் தேய்த்தால் பனிக்கட்டியில் திசையுள்ள கீறல்கள் விழுந்து, ஆட்டக்காரர் விரும்பிய பக்கம் கல்லைத் திருப்ப முடிந்தது. உலக கர்லிங் கூட்டமைப்பு 2016இல் சோதனைகள் நடத்தி, துடைப்பான் துணிக்குக் கட்டுப்பாடு விதித்தது. 10ஆம் பதிலில் சொன்ன கீறல் கருத்தை முற்றிலும் ஒதுக்கிவிட நான் தயங்குவதற்கு இந்த நிகழ்ச்சியும் ஒரு காரணம்.

14. ஆரம்பத்துல நேராப் போற கல்லு கடைசில மட்டும் ஏன் அப்படித் திரும்புது?

முதல் 5 நொடியில் கல் 10 மீட்டர் கடக்கிறது. கடைசி 5 நொடியில் ஒரு மீட்டர்தான் கடக்கிறது. பக்கவாட்டில் ஒதுங்க அதற்குக் கிடைக்கும் நேரம் இரண்டிலும் சமம். முன்னேறும் தொலைவு மட்டும் பத்தில் ஒன்றாகிவிடுவதால், வளைவு கண்ணுக்குப் பளிச்சென்று தெரிகிறது. அதோடு 9ஆம் பதிலில் ஐம்பதில் ஒரு பங்காக இருந்த விகிதம், கல்லின் வேகம் நொடிக்கு 45 சென்டிமீட்டராக இறங்கும்போது பத்தில் ஒரு பங்காகிறது. இடவலப் பக்கங்களின் வேக வேறுபாடு அந்த நேரத்தில்தான் உண்மையில் பொருட்படுத்தத்தக்கதாகிறது.

15. கல்லு கல்லுல மோதுனா மோதுன கல்லு அப்படியே நின்னுருது. கேரம்ல ஸ்ட்ரைக்கர் நிக்காதே, ஏன்?

நிறை வேறுபாடு. கேரம் ஸ்ட்ரைக்கர் 15 கிராம்வரை இருக்கும்; காய் 5 கிராம் சொச்சம். கனமான பொருள் லேசானதில் மோதினால் தன் உந்தம் முழுவதையும் கொடுத்துவிட முடியாது. தொடர்ந்து முன்னால் போகும். கர்லிங் கற்கள் ஏறக்குறைய சம நிறை உடையவை. நேருக்கு நேர் மோதினால் வந்த கல்லின் உந்தம் ஏறக்குறைய முழுவதும் நின்ற கல்லுக்குப் போய்விடும். ஓரத்தில் பட்டால் இரண்டும் ஏறக்குறைய செங்கோணத்தில் பிரிந்து போகும். கேரம் நன்றாக ஆடுகிறவர்கள் இந்தச் செங்கோணத்தை மனத்தில் வைத்துக்கொண்டு ஒரு கர்லிங் ஆட்டத்தைப் பார்த்தால், அடுத்த கல் எங்கே போகும் என்பதைப் பாதிக்குமேல் சரியாகச் சொல்லிவிடுவார்கள்.

16. நம்ம ஐஸ் கம்பெனிலயே ஒரு தளம் போட்டு ஆட முடியாதா?

குளிர்விக்கும் முறை ஏறக்குறைய ஒன்றே. ஐஸ் கம்பெனியில் பூச்சியத்துக்குக் கீழே குளிர்ந்த உப்புக் கரைசலில் தண்ணீர் நிறைத்த கேன்களை இறக்குகிறோம். கர்லிங் அரங்கில் அதுபோன்ற உறையாக் கரைசலைத் தளத்துக்கு அடியில் குழாய்களில் ஓடவிடுகிறார்கள். தடைகள் வேறு இரண்டு. ஒன்று தண்ணீர். ஐஸ் பாரின் நடுவில் வெள்ளையாக ஒரு தண்டு ஓடுவதைப் பார்த்திருப்பீர்கள். ஓரத்திலிருந்து உறையும் பனிக்கட்டி, கரைந்துள்ள காற்றையும் உப்பையும் உள்ளே ஒதுக்கிக்கொண்டே போவதால், எல்லாம் நடுவில் சேர்ந்து அப்படித் தெரிகிறது. மீனுக்கு அதனால் கேடில்லை. ஆனால் கர்லிங் தளத்தில் உப்பு தங்கிய இடம் மென்மையாகி உராய்வு மாறிவிடும் என்பதால், உப்பு நீக்கிய நீரையே பயன்படுத்துகிறார்கள். நம் கரையின் நிலத்தடி நீர் இதற்குச் சிறிதும் உதவாது.

இரண்டாவது தடை காற்றின் ஈரம், இதுதான் பெரியது. 30 டிகிரியில் 75 விழுக்காடு ஈரப்பதம் உள்ள நம் கடற்காற்றில் ஒரு கனமீட்டருக்கு ஏறக்குறைய 23 கிராம் நீராவி இருக்கிறது. மைனஸ் 5 டிகிரித் தளத்தை ஒட்டிய காற்று 3 கிராம் சொச்சத்தைத்தான் தாங்கும். மீதி முழுவதும் உறைபனியாக முகடுகளின்மேல் படிந்து, சில நிமிடங்களிலேயே தளம் பூஞ்சை பிடித்ததுபோல் ஆகிவிடும், கல் ஓடாது. கதவு சாத்திய கட்டடம், ஈரம் உறிஞ்சும் பொறிகள், இடைவிடாத மின்சாரம் ஆகியவை இருந்தால் ராமநாதபுரத்திலும் முடியும். குளிர்விப்பதைவிடக் காற்றை உலர்த்துவதற்கே இங்கே கூடுதலாகப் பாடுபட வேண்டியிருக்கும்.

17. ஐஸ் பார் மேல டம்ளரைச் சுத்தித் தள்ளிப் பாத்தோம் டீச்சர். ஒருதரம் இடது போகுது, ஒருதரம் வலது போகுது. ஒண்ணும் புரியல.

உங்கள் ஐஸ் பார் வெளியே எடுத்த கணத்திலிருந்து உருகிக்கொண்டிருப்பதால், டம்ளர் பனிக்கட்டியின்மேல் அல்ல, தண்ணீர்ப் படலத்தின்மேல் மிதந்து போகிறது. பாரின் மேற்பரப்பும் மட்டமாக இல்லை. சிறிய சரிவு இருந்தாலும் எடை குறைந்த டம்ளர் அந்தப் பக்கமே போகும். பாரின் நீளமும் மிகக் குறைவு, 14ஆம் பதிலில் சொன்ன மெதுவான கடைசிக் கட்டம் வருவதற்குள் பார் முடிந்துவிடுகிறது.

ஆகவே முதலில் உலர்ந்த மேசையில் செய்யுங்கள். டம்ளரில் பாதிக்கு மணலை நிரப்பி, வாயை அட்டையால் மூடி ஒட்டிக் கவிழ்த்து வையுங்கள். அட்டை விளிம்புக்கு உள்ளேயே அடங்கியிருக்க வேண்டும், மேசையைத் தொடக்கூடாது. மேசையின் நடுவில் சாக்பீஸால் ஒரு நேர்கோடு வரைந்து, வலஞ்சுழியாக இருபது முறையும் இடஞ்சுழியாக இருபது முறையும் தள்ளி, டம்ளர் நின்ற இடத்தை ஒவ்வொரு முறையும் குறித்துவையுங்கள். பிறகு மேசையை அரைவட்டம் திருப்பிப் போட்டு மீண்டும் அதே நாற்பது முறை. மேசையின் சரிவால் வந்த விலகலும் சுழற்சியால் வந்த விலகலும் அப்போது தனித்தனியாகப் பிரிந்து தெரியும். அந்தத் தாளைத் திங்கட்கிழமை கொண்டுவாருங்கள். ஐஸ் பாரை எப்படி மட்டமாகச் சீவுவது என்று அதன்பின் சேர்ந்து பார்க்கலாம்.